தைல மரத்திலும் அரிய இனம் உண்டா?

போன மாதம் கல்லூரி நண்பன் ஒருவனோடு போனில் பேசிக்கொண்டிருந்தேன். புதுக்கோட்டைப் பக்கத்துக்காரன். "இப்ப என்னடா படிச்சிட்டிருக்க?" என்று கேட்டான். அழியும் நிலையில் இருக்கிற ஒரு யூக்கலிப்டஸ் இனத்தைப் பற்றி என்றேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. அப்புறம் சிரித்தான். "இங்க தைல மரத்தை எப்படா ஒழிக்கிறதுன்னு நாங்க மல்லுக்கட்டிட்டிருக்கோம். அது அழியுதேன்னு கவலைப்படுற ஒரே ஆளு நீதான்டா!"

அவன் கோபத்தில் நியாயம் இருக்கு. அவன் ஊரைச் சுற்றிக் கண்ணுக்கெட்டிய தூரம் வரை தைல மரக் காடு. கண்மாய்க்குத் தண்ணீர் வரவில்லை, கிணறு இறங்கிவிட்டது என்றால் அங்கே எல்லோரும் முதலில் கை காட்டுவது அந்த மரத்தைத்தான். ஆனால் அவன் கேள்விக்குள் ஒரு சிக்கல் ஒளிந்திருக்கிறது. நாம் "தைல மரம்" என்று ஒருமையில் சொல்கிறோமே, அது ஒரு மரமே அல்ல. ஆஸ்திரேலியாவில் யூக்கலிப்ட் கூட்டத்தில் 800-க்கும் மேற்பட்ட இனங்கள் இருக்கின்றன. அதில் ஒன்றிரண்டு நம் ஊரில் கோடிக்கணக்கில் நிற்கின்றன. வேறொன்று, அதன் சொந்த மண்ணில், விரல் விட்டு எண்ணக்கூடிய அளவில் நிற்கிறது. இந்தப் பதிவு அந்த வேறொன்றைப் பற்றியது.

மூடி போட்ட மொட்டு

முதலில் பெயரிலிருந்து தொடங்குவோம். 1777 ஜனவரியில் கேப்டன் குக் தன் மூன்றாவது பயணத்தில் டாஸ்மேனியாவின் தென்கிழக்கே, புரூனி தீவில் உள்ள அட்வென்ச்சர் பே என்ற இடத்தில் கப்பலை நிறுத்தினார். கப்பலில் இருந்த டேவிட் நெல்சன் என்ற தோட்டக்காரர் அங்கே செடிகொடிகளைச் சேகரித்தார். அவை லண்டன் போய்ச் சேர்ந்தன. சில வருடம் அங்கே காகிதத்துக்கு நடுவில் கிடந்தன. அப்போது லண்டன் வந்திருந்த லெரித்தியே என்ற பிரெஞ்சுத் தாவரவியலாளர் அதில் ஒன்றைப் பார்த்து, 1788 என்று தேதியிட்ட தன் நூலில் யூக்கலிப்டஸ் ஆப்லிக்வா என்று பெயர் வைத்தார். மரத்தை அவர் நேரில் பார்த்ததே இல்லை.

"யூ" என்றால் கிரேக்கத்தில் நன்றாக. "கலிப்டோஸ்" என்றால் மூடப்பட்டது. நன்றாக மூடப்பட்டது. எது மூடப்பட்டது? மொட்டு. மற்ற பூக்களில் இதழ்கள் விரியும். இதில் அப்படி விரிகிற இதழ்களே கிடையாது. அவை ஒன்றாக ஒட்டி ஒரு சின்ன மூடியாகிவிட்டன. பூக்கும் நேரம் வந்ததும் மூடி கழன்று கீழே விழும். உள்ளே சுருண்டிருந்த மகரந்தத் தாள்கள் குஞ்சம் போல வெளியே வரும். நாம் பூ என்று பார்ப்பது அந்தக் குஞ்சத்தைத்தான்.

இந்த மூடிதான் அடையாளம் காண்பதில் முக்கியமான சாட்சி. ஊட்டியில் நிற்கும் மரம் யூக்கலிப்டஸ் குளோபுலஸ். நீலகிரிக்கு அது 1843-இல் கேப்டன் காட்டன் என்பவர் வழியாக வந்தது என்று பதிவு இருக்கிறது. நீலகிரிக்காரர்கள் கற்பூர மரம் என்பார்கள். இந்தி, கன்னடம் பேசுகிறவர்கள் இந்த மரத்தையே "நீலகிரி" என்கிறார்கள்! டாஸ்மேனியா மரத்துக்கு நம் மலையின் பெயர். அதன் மொட்டு பெரும்பாலும் தனியாக நிற்கும், சொரசொரப்பாக, மேலே சாம்பல் பூத்து, பழைய கோட்டு பட்டன் மாதிரி இருக்கும். புதுக்கோட்டைப் பக்கம் நிற்பவை பெரும்பாலும் டெரெடிகார்னிஸ் அல்லது அதன் நெருங்கிய சொந்தமான கமால்டுலென்சிஸ் வழி வந்தவை. மொட்டுகள் கொத்தாக இருக்கும். டெரெடிகார்னிஸின் மூடி கொம்பு போல நீண்டிருக்கும்; அந்தப் பெயருக்கே உருண்டைக் கொம்பு என்றுதான் அர்த்தம். ஆக, என் நண்பன் திட்டும் மரமும் ஊட்டியில் தைலம் காய்ச்சும் மரமும் வேறு வேறு. ரெண்டையும் நாம் ஒரே பெயரில் கூப்பிடுகிறோம்.

இலையை நம்பாதே

கான்பராவில் ஒரு ப்ராஜெக்டுக்காக ரெண்டு வருடம் இருந்தேன். ஞாயிற்றுக்கிழமைகளில் அங்குள்ள தேசியத் தாவரவியல் பூங்காவுக்குப் போவது பழக்கமாகிவிட்டது. யூக்கலிப்டஸ் மரங்களுக்கென்றே ஒரு பெரிய புல்வெளி அங்கே உண்டு. முதல் சில வாரங்கள் எல்லா மரமும் ஒரே மாதிரிதான் தெரிந்தது. இலையை வைத்து இனம் கண்டுபிடிக்கலாம் என்று நினைத்து நன்றாக ஏமாந்தேன்.

காரணம், இந்த மரங்கள் வாழ்நாளில் ரெண்டு விதமான இலை விடும். ஊட்டியில் வெட்டிய கற்பூர மரத்தின் அடிக்கட்டையிலிருந்து துளிர்க்கும் மறுதாம்பைப் பார்த்திருப்பீர்கள். இலை அகலமாக, நீலச் சாம்பலாக, காம்பே இல்லாமல் தண்டைக் கட்டிப்பிடித்தபடி, எதிரெதிராக இருக்கும். அதே மரம் வளர்ந்த பிறகு விடும் இலை அரிவாள் போல நீண்டு, மாறி மாறி அமைந்து, தொங்கும். தெரியாதவர்கள் ரெண்டும் வேறு மரம் என்று சத்தியம் செய்வார்கள். கல்யாண ரிசப்ஷன் மேடையில் பூக்களுக்கு நடுவில் சாம்பல் நிற வட்ட இலை செருகுகிறார்களே, அதுவும் யூக்கலிப்டஸ்தான். இளம்பருவ இலையைப் பெரியவனான பிறகும் விடாமல் வைத்திருக்கும் சில இனங்கள் உண்டு. அவற்றின் இலை அது.

ஆகவே பட்டை, இளம் இலை, முதிர்ந்த இலை, மொட்டுகள் மூன்றா ஏழா, மூடியின் வடிவம், காயின் வாய் உள்ளே அடங்கியிருக்கிறதா வெளியே நீட்டியிருக்கிறதா, எல்லாம் சேர்த்துத்தான் முடிவுக்கு வரவேண்டும். இது புதிய தலைவலி இல்லை. 19-ஆம் நூற்றாண்டில் ஜார்ஜ் பெந்தம் ஆஸ்திரேலியத் தாவரங்களைப் பற்றி 1863 முதல் 1878 வரை ஏழு தொகுதிகள் எழுதினார். ஆஸ்திரேலியாவில் காலே வைக்காமல்! மெல்போர்னில் இருந்த ஃபெர்டினாண்ட் வான் முல்லர் பெட்டி பெட்டியாக மாதிரிகளைக் கப்பலில் அனுப்புவார். காய்ந்த கிளையில் பட்டையும் தெரியாது, மரத்தின் உயரமும் தெரியாது. அதனால் மகரந்தப் பையின் வடிவத்தை வைத்துப் பிரித்தார் பெந்தம். அதன் பிறகு ஜோசப் மெய்டன் யூக்கலிப்டஸ் இனங்களை மட்டும் மறு ஆய்வு செய்து 1903-இல் வெளியிட ஆரம்பித்தார். அந்த வரிசை முடிந்தது 1933-இல். அவர் இறந்தது 1925-இல். 1995-இல் கென் ஹில், லாரி ஜான்சன் இருவரும் நூற்றுச் சொச்சம் இனங்களைப் பிரித்து கோரிம்பியா என்ற தனிப் பேரினமாக்கினார்கள்.

என் தொழிலுக்கு நெருக்கமான விஷயம் ஒன்று. பழைய புத்தகங்களில் இனம் காணும் முறை அப்படியே இஃப்-எல்ஸ் ஏணி. "மொட்டு மூன்றா? ஆம் எனில் 14-க்குப் போ." உங்களிடம் மொட்டே இல்லை என்றால் அங்கேயே நின்றுவிடவேண்டியதுதான். இப்போது யூக்ளிட் என்ற மென்பொருள் இருக்கிறது. அதில் தெரிந்ததை மட்டும் எந்த வரிசையிலும் கொடுக்கலாம். பொருந்தாத இனங்கள் ஒவ்வொன்றாக விலகும். டேட்டாபேஸில் ஃபில்டர் போடுவது போல. கையில் ஒரு கிளையை வைத்துக்கொண்டு 800 பேரிலிருந்து 4 பேருக்கு வந்து நிற்கிற சுகம், பக் கண்டுபிடிக்கிற சுகத்துக்குக் கொஞ்சமும் குறைந்ததில்லை.

ஆனால் ஃபில்டரின் முடிவில் யாருமே மிஞ்சவில்லை என்றால்?

1985: பட்டியலில் இல்லாத செடி

கான்பராவிலிருந்து கடற்கரைக்குப் போகும் வழியில் பிரெய்ட்வுட் என்ற சிற்றூர். அதற்குக் கிழக்கே கொஞ்ச தூரத்தில் மோங்கார்லோ. 19-ஆம் நூற்றாண்டில் தங்கம் தேடிக் கூட்டம் கூட்டமாக வந்து தோண்டிய இடம். இப்போது சின்ன கிராமம், சுற்றிலும் மேய்ச்சல் நிலம். அந்தப் பக்கத்தில்தான் 1985-இல் ஒரு புதர் தாவரவியலாளர்கள் பார்வைக்கு வந்தது.

பெரிய மரம் இல்லை. ஒரு கிணற்றுமேட்டு நொச்சிப் புதர் உயரம் இருக்கும் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரே அடியிலிருந்து பல தண்டுகள். இப்படி வளரும் யூக்கலிப்டஸை ஆஸ்திரேலியாவில் மாலி என்பார்கள்; வெம்பா வெம்பா என்ற பூர்வகுடி மொழியிலிருந்து வந்த சொல் அது. இலை ஒரு அங்குலத்துக்கு முன்னே பின்னே, பளபளப்பான பச்சை, நுனி பின்பக்கமாக வளைந்தது. முக்கியமாக, இலைகள் எதிரெதிராக இருந்தன.

எதிரெதிர் இலை என்றால் இளம் துளிராக இருக்குமோ என்றுதான் முதலில் சந்தேகம் வரும். ஆனால் அதே கிளையில் மொட்டுகள், மும்மூன்றாக. பூக்கிற வயதிலும் இலை அப்படியே எதிரெதிராகச் சின்னதாக இருந்தால் அது வேறு கதை. தெரிந்த எந்த இனத்தோடும் பொருந்தவில்லை. 1988-இல் மைக்கேல் கிரிஸ்ப், சிட்னி தாவரவியல் பூங்காவின் டெலோப்பியா ஆய்விதழில் அதை யூக்கலிப்டஸ் ரெகர்வா என்று விவரித்தார். ரெகர்வா என்றால் பின்னோக்கி வளைந்தது. மக்கள் வாயில் மோங்கார்லோ மாலி. "ஐஸ் ஏஜ் கம்" என்றும் ஒரு செல்லப்பெயர் உண்டு.

தேடினார்கள். மோங்கார்லோவிலும், கிலோமீட்டர் கணக்கில் தள்ளியிருக்கும் விண்டெல்லாமா பகுதியிலும் சேர்த்து நெடுங்காலத்துக்குத் தெரிந்திருந்தவை ஐந்தே ஐந்து செடிகள். இன்றும் எண்ணுவதற்கு ரெண்டு கை தாராளம்.

வயதுக் கணக்கு

இனிமேல்தான் ஆச்சரியம். தண்டுகள் எல்லாம் மெலிசு. தீயில் எரிந்தாலும் மறுபடி வரும். அசல் செடி மண்ணுக்கடியில் இருக்கும் தடித்த மரக்கட்டி. அதில்தான் உணவுச் சேமிப்பும் உறங்கும் மொட்டுகளும் இருக்கின்றன. மேலே எது நடந்தாலும் அது மறுபடி துளிர்க்கும். வருடத்துக்கு வருடம் மிக மெதுவாக வெளிப்பக்கம் பரவும். நடுப்பகுதி மக்கிப்போனால் சுற்றுவட்டம் மட்டும் மிஞ்சும். அதனால் வளையம் எண்ணி வயது சொல்ல முடியாது.

அதற்குப் பதில், பரவிய அகலத்தை வளரும் வேகத்தால் வகுக்கிறார்கள். உதாரணத்துக்குச் சொல்கிறேன்: நடுவிலிருந்து 3 மீட்டர் பரவியிருக்கு, வருடத்துக்கு 1 மில்லிமீட்டர் வளர்கிறது என்றால் 3,000 வருடம். வேகம் கால் மில்லிமீட்டர்தான் என்றால் 12,000. வகுக்கும் எண் சின்னதாக இருக்கும்போது அதில் வரும் சின்னப் பிழை விடையை எங்கேயோ கொண்டுபோய்விடும். மோங்கார்லோ மாலிக்கு 3,000 முதல் 13,000 ஆண்டுகள் வரை என்று சொல்லப்படும் மதிப்பீடுகள் இவ்வளவு அகலமாக இருப்பதை இந்தக் கண்ணோட்டத்தில்தான் பார்க்கவேண்டும். கீழ் எல்லையை எடுத்துக்கொண்டாலும், கரிகாலன் கல்லணை கட்டிய காலத்தில் இந்தச் செடி கிழடு.

மேல் எல்லை சரியென்றால், கடைசிப் பனிக்காலத்தின் வால் பகுதி அது. குளிரான, வறண்ட அந்தக் காலத்தில் இந்த இனம் மேட்டு நிலத்தில் பரவலாக இருந்திருக்கலாம், பிறகு வெப்பம் கூடியபோது மற்ற மரங்கள் இடத்தைப் பிடித்துக்கொண்டன என்று கருதுகிறார்கள். செல்லப்பெயர் வந்த வழி இதுதான். அதாவது இன்று நிற்பவை ஒரு காட்டின் மிச்சம்.

தனியாக நிற்பதன் விலை

இவ்வளவு காலம் தாங்கியது இன்னும் தாங்காதா என்று கேட்கலாம். நானும் அப்படித்தான் நினைத்தேன். ஒரு செடி சாகாமல் இருப்பதும் ஒரு இனம் தொடர்வதும் வேறு வேறு கணக்கு.

யூக்கலிப்டஸ் பொதுவாகத் தன் மகரந்தத்திலேயே நல்ல விதை பிடிக்காது; பக்கத்தில் இன்னொரு செடி வேண்டும். பூச்சி எவ்வளவு தூரம் பறக்கும்? ஒரு செடிக்கும் அடுத்ததற்கும் நடுவில் மேய்ச்சல் நிலமும் சாலையும் கிடக்கின்றன. அதுவரை போகாமல் பூச்சி பக்கத்தில் இருக்கும் வேறு இன யூக்கலிப்டஸின் மகரந்தத்தைக் கொண்டுவந்தால் விளைவது கலப்பினம். மோங்கார்லோ மாலி விஷயத்தில் மனிதர்களே ஒரு செடியின் மகரந்தத்தை எடுத்துப்போய் இன்னொரு செடியின் பூவில் தடவும் முயற்சிகளும் நடந்திருக்கின்றன. பக்கத்து ஊர் வரனுக்கு ஜாதகம் எடுத்துப்போகும் தரகர் வேலைதான். சரி, கிளையை வெட்டி நட்டால்? முதிர்ந்த யூக்கலிப்டஸ் கிளை லேசில் வேர் பிடிக்காது. பிடித்தாலும் அது அதே செடியின் இன்னொரு நகல்தான்.

இந்தக் கலப்பு விஷயம் அடையாளம் காண்பதையே புரட்டிப் போடும். மேற்கு ஆஸ்திரேலியாவில், பெர்த் பக்கம் டார்லிங் மலைத்தொடரில், கிரானைட் பாறை மேல் ஒரே ஒரு செடி. வேறெங்கும் இல்லை. யூக்கலிப்டஸ் கிரானிட்டிகோலா என்று பெயர் கொடுத்தார்கள். பழங்கால இனத்தின் கடைசி வாரிசோ என்று பார்த்தால், 1997-இல் வெளியான டிஎன்ஏ ஆய்வு வேறு கதை சொன்னது: ரூடிஸ், டிரம்மண்டியை என்ற ரெண்டு சாதாரண இனங்கள் கலந்து பிறந்த ஒற்றைக் கலப்பினம் அது. அரிது என்பது உண்மை. இனம் என்பது உண்மையில்லை.

ஆக, வித்தியாசமாக ஒன்று தெரிந்தால் ரெண்டு சாத்தியம். அது யாருக்கும் தெரியாத பழைய குடும்பமாக இருக்கலாம். அல்லது நேற்று நடந்த விபத்தாக இருக்கலாம். வெளியே பார்த்தால் ரெண்டும் ஒன்று போலத்தான் இருக்கும். ரெகர்வா தனி இனமாக நின்றது. கிரானிட்டிகோலா நிற்கவில்லை.

பெயர் ஏன் முக்கியம்

இதில் என்னை உறுத்துவது ஒரு தேதிதான். 1985. ஆஸ்திரேலியாவில் தாவரங்களைப் பதிவு செய்ய ஆரம்பித்து 200 வருடம் ஆகிவிட்டது. முல்லர் பார்க்கவில்லை, மெய்டன் பார்க்கவில்லை. தங்கம் தோண்டியவர்கள் பக்கத்திலேயே தோண்டினார்கள். ஆடு மேய்ந்தது. வேலி போட்டார்கள். யாராவது ஒருவர் 1984-இல் புல்டோசர் விட்டிருந்தால் ஒரு புதர் போனது என்பதற்கு மேல் எதுவும் தோன்றியிருக்காது. குற்றமும் இல்லை, ஏனென்றால் சட்டம் பெயரைத்தான் காப்பாற்றும். பெயர் இல்லாததைக் காப்பாற்ற எந்தப் பட்டியலிலும் இடமில்லை. இன்று மோங்கார்லோ மாலி மாநிலச் சட்டத்திலும் தேசியச் சட்டத்திலும் மிக மோசமான அபாய நிலையில் இருப்பதாகப் பட்டியலிடப்பட்டிருக்கிறது. அந்தப் பட்டியலுக்குப் போகும் படி 1988-இல் வந்த அந்த ஆய்வுக் கட்டுரை. காய்ந்த கிளை ஒன்றை உலர்தாவரக் காப்பகத்தில் வைத்து, "இதுதான் அது" என்று எழுதியதால் வந்த பாதுகாப்பு.

அடையாளம் கண்டதும் இன்னொரு வேலை வருகிறது: மறைப்பது. ஆஸ்திரேலியாவின் உயிரினத் தரவுத்தளங்களில் இப்படிப்பட்ட இனங்களைத் தேடினால் கிடைக்கும் இடக்குறிப்பு வேண்டுமென்றே மழுங்கடிக்கப்பட்டிருக்கும். தசமப் புள்ளிக்குப் பின்னால் வரும் எண்களை வெட்டிவிடுவார்கள். பார்க்க ஆசைப்படுகிறவன் காலில் ஒட்டியிருக்கும் மண்ணில்கூட வேர் அழுகல் நோய்க் கிருமி வரலாம். செடி பத்துக்குள் இருக்கும்போது ஒரு பார்வையாளரே அதிகம்.

கான்பராவில் இருந்தபோது பேட்மன்ஸ் பேக்கு நாலைந்து முறை காரில் போயிருக்கிறேன். வீட்டம்மாவும் பையனும் பிரெய்ட்வுட்டில் பேக்கரியில் இறங்குவார்கள். மோங்கார்லோ என்று போட்ட பலகை கண்ணில் பட்டிருக்கும்; ஒன்றும் தோன்றவில்லை. ஊர் திரும்பிய பிறகுதான் இதெல்லாம் படித்தேன். அடுத்த முறை போனால் தேடிப் பார்ப்பாயா என்று பையன் கேட்டான். மாட்டேன் என்று சொல்லியிருக்கிறேன். காப்பகத்தில் இருக்கும் காய்ந்த கிளையின் படம் எனக்குப் போதும்.

நண்பனுக்கு இதையெல்லாம் சொன்னேன். பொறுமையாகக் கேட்டான். "சரிடா, அந்த அஞ்சு செடி நல்லா இருக்கட்டும். எங்க ஊரு மரத்துக்கு என்ன வழி?" என்றான். ரெண்டும் ஒன்றுக்கொன்று எதிரானதில்லை என்று எனக்குத் தோன்றுகிறது. அவன் ஊர் மண்ணில் அந்த மரம் விருந்தாளி. வீட்டுக்காரர்களை வெளியே தள்ளிவிட்ட விருந்தாளி. மோங்கார்லோவில் இந்தச் செடி வீட்டுக்காரன்; வெளியே தள்ளப்பட்ட வீட்டுக்காரன்.

அடுத்த முறை தைல மரத்தடியில் போனால் ஒரு காரியம் பண்ணுங்க. கீழே கிடக்கும் காய்களுக்கு நடுவில் சின்னச் சின்ன மூடிகள் கிடக்கும். ஒன்றை எடுத்துப் பாருங்க. பட்டன் மாதிரி இருக்கா, கொம்பு மாதிரி இருக்கா? படம் எடுத்து எனக்கு அனுப்பினால் எந்த மரம் என்று சேர்ந்து கண்டுபிடிப்போம்.